மட்டைத் தூள் படத்துக்கு ஒரு குரல்

வளையல்களைக் கழற்றி வெளி மேசையில் வைத்து, தாலிச் சங்கிலியை ரவிக்கைக்குள் தள்ளி ஊக்கு குத்தி, செல்போனை ஒலிப்பதிவாளர் ஆல்பர்ட்டிடம் கொடுத்து, கண்ணாடி அறைக்குள் போய் ஸ்டூலில் உட்கார்ந்து ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்ட பிறகுதான் பிரமீளாவுக்கு உறைத்தது, காலையில் ஒரே ஒரு இட்லியோடு எழுந்து வந்துவிட்டோம், இனி வயிறு சும்மா இருக்காது என்று. மைக் எதையும் விடாது. புடவை சரசரப்பு, எச்சில் விழுங்கும் ஓசை, காகிதம் திரும்பும் சத்தம், எல்லாவற்றுக்கும் மேலாக வயிறு. டப்பிங்குக்குப் புதிதாக வரும் பெண்களிடம் அவளே எத்தனை தடவை சொல்லியிருப்பாள், சாப்பிட்டுவிட்டு வாங்கடி, காதல் வசனம் பேசும்போது வயிறு உறுமினால் கதாநாயகி காதலிக்கிறாளா பசியில் இருக்கிறாளா என்று ஜனங்கள் குழம்பிப்போவார்கள் என்று. ஊருக்கெல்லாம் உபதேசம் பண்ணியவள் இன்று காலி வயிறோடு உட்கார்ந்திருக்கிறாள். சாப்பிடக் கூடாதென்று இல்லை, இறங்கவில்லை. இரண்டு மாதமாக விழுங்குவது என்பதே தனியாக ஒரு வேலையாகிவிட்டது. அந்த ஒரு இட்லியையும் சாம்பாரில் ஊறப்போட்டு, சிவகுரு அந்தப் பக்கம் திரும்பிய நேரமாகப் பார்த்துத் தொண்டையை நீவி நீவி இறக்கினாள். சிவகுரு அவள் வீட்டுக்காரர், பொதுப்பணித் துறையில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். அவரிடம் வடபழனி கோயிலுக்கு என்று சைகை காட்டிவிட்டு வந்திருக்கிறாள். முழுப் பொய் என்றும் சொல்ல முடியாது, ஆட்டோ கோயில் வழியாகத்தான் வந்தது, உட்கார்ந்தபடியே ஒரு கும்பிடு போட்டாள். திங்கட்கிழமை காலையில் அவளுடைய குரல்வளையை எடுத்துவிடப் போகிறார்கள். இன்று சனிக்கிழமை. நாளைக்கு ஆஸ்பத்திரியில் போய்ப் படுத்துவிட வேண்டும். முப்பத்தைந்து வருஷமாக யார் யார் வாய்க்கோ பேசிக் கொடுத்த குரல், நடுவில் எந்த நடிகையின் உதடும் இல்லாமல், தன் குரலாகவே ஒரு படத்தில் நின்றுவிட வேண்டும், அதற்குத்தான் இந்தத் திருட்டுத்தனம். இன்றைக்கு நடந்தால் உண்டு, இல்லையென்றால் இல்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருக்கிற இரண்டு பேருக்கும் இது தெரியாது.

"சளிங்களா மேடம்?" என்று டைரக்டர் பையன் அந்தப் பக்கத்து மைக்கில் கேட்டான். "ஆமா தம்பி. ஏசி ஒத்துக்கல" என்றாள். எத்தனை லேசாக வருகிறது பொய், தொண்டையில் இத்தனை அடைப்பு இருந்தும். தரணீதரன், பொள்ளாச்சிப் பக்கம், வயது முப்பதுகூட இருக்காது, தாடி மட்டும் ஐம்பது வயதுக்காரனுடையது. இவன் அவளைத் தேடி வந்ததே ஒரு கூத்து. அவள் குரல் கொடுத்த கதாநாயகிகளில் ஒருத்தியைக்கூட அவனுக்குத் தெரியாது. கேஸ் சிலிண்டர் பதிவு பண்ணும் போன் நம்பரில் ஒரு பெண் பேசுவாள் இல்லையா, சிலிண்டர் பதிவு செய்ய எண் ஒன்றை அழுத்தவும் என்று, அது அவள்தான், எப்போதோ ஒரு மத்தியானம் போய்ப் பேசிவிட்டு வந்தது. "எங்கம்மா கேஸ் புக் பண்றப்ப ஸ்பீக்கர்ல போடுவாங்க மேடம். அந்தக் குரல்தானுங்க இந்தப் படத்துக்கு வேணும். நடிக்காத குரலுங்க அது" என்று போனில் சொன்னான். அழுது, சிரித்து, விஷம் குடித்து, மலை உச்சியிலிருந்து விழுந்து எல்லாம் பேசியிருக்கிறாள், கடைசியில் பேர் வாங்கிக் கொடுத்தது சிலிண்டர். அன்றைக்கு அவளுக்குச் சிரிப்புத்தான் வந்தது. அன்றைக்குத் தொண்டையில் இருந்தது வெறும் கரகரப்பு. ஒரு நாள் வந்து பேசிக் கொடுத்துவிட்டுப் போங்கள் என்று அவன் சொன்னான், வருகிறேன் என்றாள், அதற்குள் டாக்டர் தொண்டையிலிருந்து ஒரு துணுக்கை எடுத்துச் சோதனைக்கு அனுப்பி, பதில் வந்து, தேதி குறித்து, எல்லாம் ஆகிவிட்டது. ஏசியை நிறுத்தினார் ஆல்பர்ட். அந்த இரைச்சல் போனதும் அறை முழுக்கக் காதில் பஞ்சு வைத்த மாதிரி ஆகிவிடும், அது அவளுக்குப் பழக்கம், ஆனால் இன்று அந்த அமைதி கொஞ்சம் பயமாக இருந்தது. சிவப்பு விளக்கு எரிந்தது.

திரையில் களம். கண்ணுக்கெட்டிய தூரம் பழுப்பு நிறத்தில் தேங்காய் மட்டைத் தூள் பரப்பிக் கிடக்கிறது, நார் உரித்த பிறகு மிஞ்சுமே, அந்தத் தூள். ஒரு பெண், பெயர் மயிலாத்தா என்று காகிதத்தில் போட்டிருக்கிறது, வெறுங்காலோடு நடந்து பலகையால் அதைக் கிளறிவிட்டுக்கொண்டே போகிறாள். போகிறாள், போகிறாள், திரையின் ஓரம் வரை போய்த் திரும்பியும் வருகிறாள், கேமரா அசைவேனா என்கிறது. இந்தத் தூளை உப்புப் போகக் கழுவிக் காயவைத்துக் கட்டியாக அழுத்திக் கப்பலில் ஏற்றுகிறார்கள், அது நெதர்லாந்துக்குப் போய், கண்ணாடி வீடுகளுக்குள் மண்ணுக்குப் பதிலாக இருந்து தக்காளி வளர்க்கிறது. இவன் அந்தத் தூளோடு கூடவே போயிருக்கிறான், இந்தக் களத்திலிருந்து அந்தக் கண்ணாடி வீடு வரை. இருபது நிமிஷப் படம், பேச்சு ஒரு பக்கத்துக்குமேல் இல்லை. 'மழை நின்று நாலு நாளாகிறது. களம் இன்னும் காயவில்லை.' அதுதான் முதல் வரி. அவள் பேசினாள். தன் குரல் தன் காதுக்கு ஹெட்ஃபோன் வழியாகத் திரும்பி வந்தபோது, யாரோ பக்கத்து அறையில் பெட்டியை இழுக்கிற மாதிரி இருந்தது. அடியில் ஒரு உராய்வு. 'காயவில்லை' என்பதில் கடைசி எழுத்து வெறும் காற்றாகப் போனது. இதோ கேட்கப் போகிறான், இன்னொரு தடவை மேடம் என்று, நிமிர்ந்து உட்கார்ந்து பக்கத்தில் இருந்த வெந்நீரால் உதட்டை நனைத்துக்கொண்டாள். "அருமைங்க மேடம், அடுத்தது" என்றான். அவ்வளவுதானா? ஆல்பர்ட்டைப் பார்த்தாள். ஆல்பர்ட் தலையைக் குனிந்து எதையோ திருகிக்கொண்டிருந்தார். ஆல்பர்ட்டுக்கு அவள் குரல் இன்று நேற்றுப் பழக்கமா, அவர் ஒயர் சுருட்டிக்கொண்டு நின்ற காலத்தில் இவள் கும்பலோடு கும்பலாக 'ஐயோ வெள்ளம்' என்று கத்திக்கொண்டிருந்தவள். அவர் நிமிரவில்லை. முதல் டேக்கையே ஓகே பண்ணுகிற டைரக்டரை அவள் கண்டதில்லை. நன்றாகப் பேசினால்கூட, ஒரு சேஃப்டிக்கு இன்னொண்ணு குடுத்துடும்மா என்பார்கள். இவன் ஏன் கேட்கவில்லை? பாவம் சளி என்று விட்டுவிட்டானா, இல்லை இந்தக் கரகரப்புத்தான் அவனுக்குப் பிடித்திருக்கிறதா? பிடித்திருந்தால் நல்லது. பிடித்திருக்க வேண்டும். நாலு வார்த்தைக்கு இத்தனை யோசனையா என்று தன்னையே அதட்டிக்கொண்டு அடுத்த காகிதத்தைச் சத்தமில்லாமல் மேலே எடுத்து வைத்தாள்.

களம் போய்க் கப்பல் வந்தது. கப்பல் என்றால் கப்பலைக் காட்டினானா என்றால் அதுவும் இல்லை, கம்பிக் கைப்பிடி ஒன்று, அதற்குப் பின்னால் கடல், அது ஏறுகிறது, இறங்குகிறது. இந்த இடத்தில் பேச்சு வெகுநேரம் கழித்துத்தான், விளக்கு எரியும்வரை சும்மா இருக்க வேண்டும். சும்மா இருப்பது அவளுக்குத் தொழிலில் பழக்கமில்லாத விஷயம், ஆனால் வீட்டில் பன்னிரண்டு நாளாக அதுதான் நடக்கிறது. துணுக்கு எடுத்த அன்றைக்கே டாக்டர் சொல்லிவிட்டார், குரலுக்கு ஓய்வு கொடுங்கள் என்று. பதில் வந்த பிறகு, இனி பேசினாலும் ஒன்றுதான், பேசாவிட்டாலும் ஒன்றுதான் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. சிவகுருவுக்குப் புரியவில்லை. வாயை மூடிக்கொண்டிருந்தால் கொஞ்சமாவது மிச்சம் பிடிக்கலாம், திறந்து பார்க்கும்போது டாக்டர் மனசு மாறிவிடுவார் என்று அந்த மனுஷனுக்கு ஒரு நம்பிக்கை. அவள் சைகையில் பேசுகிறாள் சரி, அவரும் சைகையில் பேச ஆரம்பித்ததை எங்கே போய்ச் சொல்வது. காபி வேண்டுமென்றால் டம்ளர் பிடிக்கிற மாதிரி கையைக் காட்டுகிறார். தண்ணீர் லாரி வந்துவிட்டது என்பதை இரண்டு கையாலும் ஸ்டீயரிங் திருப்பிக் காட்டுகிறார். உங்களுக்கு என்ன வந்தது, நீங்க பேசுங்க என்று ஒரு நாள் எழுதியே காட்டினாள். அதற்குக் கிசுகிசு என்று பதில் சொல்கிறார், பக்கத்து வீட்டுக் குழந்தை தூங்குகிற மாதிரி. போன வாரம் திடுதிப்பென்று ஒரு சிலிண்டர் வந்து இறங்கியது. அடுப்பில் இருப்பது பாதிகூடக் காலியாகவில்லை. யார் பதிவு பண்ணியது? அவருடைய போனை எடுத்துப் பார்த்தால் அந்த கேஸ் நம்பர், மேலிருந்து கீழ்வரை அதே நம்பர், சாயங்காலம், விடியற்காலை, அவள் குளிக்கப் போன நேரம். போட்டுப் போட்டுக் கேட்டிருக்கிறார். ஏதோ ஒரு தடவை மெய்மறந்து ஒன்றை அழுத்தியும் விட்டார் போலிருக்கிறது. அவருக்கு முன்னால் போனை நீட்டியபடி நின்றாள், திட்டலாம் என்று பார்த்தால் வாயைத் திறக்கக் கூடாது. "சும்மாதான், ரேட் ஏறியிருக்கான்னு" என்று கிசுகிசுத்தார். அவள் சமையலறைக்குப் போய், வேண்டாத அந்தச் சிலிண்டரைத் தள்ளித் தள்ளி மூலையில் வைத்துவிட்டு அதன்மேல் கையை ஊன்றிக்கொண்டு அழுதாள். சத்தமில்லாமல் அழுவது கஷ்டம், டப்பிங்கில் அது இல்லவே இல்லை, அழுகை என்றால் கேட்டாக வேண்டும். விளக்கு எரிந்துவிட்டது, அவள் கவனிக்கவில்லை. "மேடம்" என்றான் தரணி. 'கப்பலில் இருக்கிறவரை அது எந்த ஊர்ப் பொருளும் இல்லை.' அவசரத்தில் ஆரம்பித்து நடுவில் மூச்சு வாங்கிவிட்டது, ஊர்ப் பொருள் என்பதை இழுத்துவிட்டாள். அவளுக்கே தெரிந்தது. "அருமைங்க மேடம்."

இந்த அருமை அவளைக் குத்த ஆரம்பித்தது. குறை சொல்லேன் தம்பி. ஒரு குறை சொன்னால் என்ன. அந்தக் காலத்தில் ஒரு டைரக்டர், பெயர் எதற்கு, போய்ச் சேர்ந்துவிட்டார், 'அத்தான்' என்ற ஒரே சொல்லை மத்தியானம் முழுக்கச் சொல்ல வைத்தார். அது அத்தான் இல்லம்மா, அது பால்காரனைக் கூப்பிடுற மாதிரி இருக்கு என்பார். வெளியே வந்து கழிப்பறையில் அழுதாள், ஆனால் அந்தப் படம் ஓடியது ஓட்டம். பஸ்ஸில் அவள் பக்கத்து இருக்கையில் இரண்டு காலேஜ் பெண்கள் அந்த அத்தானை அப்படியே சொல்லிச் சொல்லிச் சிரித்துக்கொண்டு வந்தார்கள். கண்டக்டர் வந்தபோது பிரமீளா குரலை மாற்றி, வயதானவள் மாதிரி டிக்கெட் கேட்டாள். பேசினால் கண்டுபிடித்துவிடுவார்களோ என்று வெட்கம், கண்டுபிடிக்க மாட்டார்களா என்று ஆசை. அந்த நடிகை பம்பாய்ப் பெண், பாவம் நல்ல பெண்தான், தமிழ் ஒரு எழுத்து தெரியாது, ஷூட்டிங்கில் வசனத்துக்குப் பதில் ஒன்று இரண்டு மூன்று என்று சொல்லிவிட்டுப் போய்விடுவாள். அவளுடைய ஒன்று இரண்டு மூன்றை அழித்துவிட்டு அதன்மேல் பிரமீளா காதலிப்பாள். நூறாவது நாள் விழாவில் போய், வணக்கம்மா என்று இவள் சொன்னதும், அந்தப் பெண்ணின் அம்மாக்காரி சட்டென்று தன் மகள் பக்கம் திரும்பிப் பார்த்தாள். மகள் வாயில் பாதாம் பர்பி. அன்றைக்கு எல்லாரும் சிரித்தார்கள், இவளும் சிரித்தாள். எத்தனை பேருடைய குரலை அழித்திருக்கிறோம் என்று இப்போது ஏன் தோன்ற வேண்டும்? அழித்தது இவளில்லை, மெஷின்தான், இவள் பேசினாள், அவ்வளவுதான். அப்படியானால் இது யார் கொடுத்த சாபமும் இல்லை. சாபமாம், நாலு எழுத்து படித்தவள் பேசுகிற பேச்சா இது. டாக்டர்கூடச் சொன்னார், இது உங்க தொழிலால வந்ததுன்னு நெனைக்காதீங்கம்மா என்று. நினைக்காதீங்கம்மா என்று சொன்ன பிறகுதான் நினைக்கவே ஆரம்பித்தாள்.

கண்ணாடி வீடு. வெளியே மழை, உள்ளே விளக்கு. மழை கண்ணாடிக் கூரைமேல் வழிவதை மட்டும் காட்டுகிறான், காட்டிக்கொண்டே இருக்கிறான், சும்மா சொல்லக் கூடாது, பார்க்கப் பார்க்க நன்றாகத்தான் இருந்தது. களத்தில் காயவேண்டுமே என்று ஒருத்தி வெயிலைப் பார்த்துக்கொண்டிருந்த அதே தூள், இங்கே நனைய நனையக் குழாயில் சொட்டுச் சொட்டாக நீர் குடித்துக்கொண்டிருக்கிறது. வரிசை வரிசையாகத் தக்காளி, தரையே கண்ணில் படவில்லை. மண்ணே இல்லாமல் செடி நிற்கிறதே, வேருக்குப் பயமாக இருக்காதா. குரல்வளை இல்லாமல் மனுஷி நிற்பாள் என்றுதான் டாக்டரும் சொன்னார். காகிதத்தில் படம் போட்டுக் காட்டினார், இந்தக் குழாய் மூச்சுக்கு, இந்தக் குழாய் சோற்றுக்கு, இதை இப்படித் திருப்பிக் கழுத்தில் ஒரு துளை வைத்துவிடுவோம், மூச்சு இனி இப்படித்தான் வரும். "பேச்சு வரும்மா. ஒரு கருவி இருக்கு, பழகிக்கலாம். ஆனா இந்தக் குரலா இருக்காது." நல்ல மனுஷர், நேராகச் சொன்னார். வெளியே வந்து வரிசையில் உட்கார்ந்திருந்தபோது, பக்கத்தில் கழுத்தில் வெள்ளைத் துணி கட்டிய ஒரு ஆள், வயது அவள் வயதுதான் இருக்கும், சட்டைப் பையிலிருந்து டார்ச் மாதிரி ஒன்றை எடுத்துக் கழுத்தில் வைத்து, "உங்க டோக்கன் எத்தனைம்மா" என்று கேட்டார். ஏற்ற இறக்கமே இல்லாமல், ஒரே கோட்டில், தகரத்தின்மேல் தேய்த்த மாதிரி ஒரு சத்தம். பிரமீளா வாயைப் பொத்திக்கொண்டு தனக்குப் பேச வராது என்று தலையாட்டினாள். அவர் புரிந்துகொண்டு சிரித்தார், நம்ம ஆள் என்கிற மாதிரி. அந்தச் சிரிப்புத்தான் இன்னும் விடவில்லை. அந்த மனுஷர் எத்தனை பழகியிருப்பார் அந்த நாலு வார்த்தைக்கு. எனக்கு வேண்டாம் சாமி அந்தக் குரல், நான் ஊமையாகவே இருந்துவிடுகிறேன் என்று நினைத்தாள், உடனே சிவகுரு நினைவு வந்தது, இரண்டு ஊமையும் ஒரு வீட்டில் எப்படிக் காலம் தள்ளுவது. 'இங்கே மண் கிடையாது. வேருக்குப் பிடிமானம் பொள்ளாச்சி.' சொன்னாள். இந்த வரி நன்றாக வந்தது, அவளுக்கே தெரிந்தது, எங்கிருந்தோ பழைய குரல் ஒரு நிமிஷம் எட்டிப் பார்த்துவிட்டுப் போனது. தரணி அதற்கும் அதே அருமையைத்தான் சொன்னான்.

அடுத்தது வில்மா. அந்தக் கண்ணாடி வீட்டில் தக்காளிக் கொடி கட்டுகிறவள், அறுபது வயதிருக்கும், கை முழுக்கப் பச்சைக் கறை. கொடியைக் கட்டிக்கொண்டே தன் பாஷையில் பேசுகிறாள். அவள் பேச்சைத் தமிழில் பிரமீளா சொல்ல வேண்டும். ஆனால் வில்மாவின் குரலை அழிக்கப் போவதில்லையாம், அடியில் மெல்லக் கேட்டுக்கொண்டே இருக்குமாம். "அந்தம்மா குரலும் இருக்கட்டுமுங்க மேடம், நீங்க மேல பேசுங்க" என்றான் தரணி. முப்பத்தைந்து வருஷத்தில் இப்படி ஒருத்தியோடு சேர்ந்து பேசியதில்லை. ஹெட்ஃபோனில் வில்மா பேச ஆரம்பித்தாள், தொண்டையை உரசி உரசி வரும் பாஷை, அவளுக்கும் சளியோ என்று தோன்றியது. பிரமீளா அவளுக்கு அரை மூச்சு பின்னால் போனாள். 'இது எங்கேயிருந்து வருகிறது என்று நான் கேட்டதே இல்லை. ஈரமானால் ஒரு வாசம் வரும். ஏதோ காட்டிலிருந்து வருகிறதென்று நினைத்துக்கொண்டிருந்தேன். இந்தப் பையன் வந்து சொன்னான், ஒரு பெண் வெயிலில் இதைக் கிளறுகிறாள் என்று. அவளுக்குக் கால் சுடாதா என்று கேட்டேன்.' கடைசி வரியில் பழைய பழக்கம் எட்டிப் பார்த்துவிட்டது, நெஞ்சில் ஒரு நடுக்கம், கண்ணில் தண்ணீர் தளும்பும் கதாநாயகி நடுக்கம், அதை அடக்குவதற்குள் வாக்கியம் முடிந்துபோனது. திரையில் வில்மா சாதாரணமாகக் கேட்டுவிட்டு அடுத்த கொடிக்குப் போய்விட்டாள். இது தப்பு, இது அப்பட்டமான தப்பு. இதற்காவது கேட்பான் என்று எதிர்பார்த்து, பிரமீளா ஸ்டூலிலிருந்து எழக்கூட எழுந்துவிட்டாள். "அருமைங்க மேடம். கடைசி ஒண்ணுதானுங்க." இருமல் வந்தது. கைக்குட்டைக்குள் இருமினாள், இருமி முடிக்கும்வரை இரண்டு பேரும் காத்திருந்தார்கள், ஆல்பர்ட் முதல் தடவையாக நிமிர்ந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். கைக்குட்டையை மடித்து இடுப்பில் செருகினாள், அதைப் பிரித்துப் பார்க்கவில்லை. கடைசி வரி: 'மயிலாத்தா இந்த மாதம் தக்காளி வாங்கவில்லை, விலை அதிகம். வில்மா இதுவரை ஒரு தேங்காயைக் கையில் பிடித்ததில்லை.' பேசி முடித்தாள். விளக்கு அணைந்தது.

"ரொம்ப நல்லா செட் ஆயிருச்சுங்க மேடம்" என்றான் தரணி, எழுந்து சோம்பல் முறித்துக்கொண்டே. "இத பைலட்டா வெச்சு எடிட்டை முடிச்சர்றேன். உங்களுக்குச் சளி சரியானதும் சொல்லுங்க, அடுத்த மாசம் ஒரு நாள் வந்தீங்கன்னா ஃபைனல் எடுத்துக்கலாமுங்க." பைலட். ஆ, அப்படியா சங்கதி. பைலட் என்றால் அளவு பார்ப்பதற்குப் பேசி வைப்பது, எங்கே பேச்சு, எங்கே மௌனம் என்று குறித்துக்கொண்டு, நிஜக் குரல் வந்ததும் அழித்துவிடுவது. பம்பாய்ப் பெண்ணின் ஒன்று இரண்டு மூன்று. அதனால்தான் அத்தனை அருமை. அவனைச் சொல்லிக் குற்றமில்லை, சளி என்றது அவள், சளி போகும் என்று அவன் நம்பினான், வேறு யாராக இருந்தாலும் அப்படித்தான் நினைப்பார்கள். சரி தம்பி, சொல்றேன் என்று தலையை ஆட்டிவிட்டு, வளையலை மாட்டிக்கொண்டு ஆட்டோ பிடித்துப் போய்விடலாம். எளிதுதான். போய்விட்டால், அடுத்த மாதம் அவன் போன் பண்ணும்போது சிவகுரு எடுத்துக் கிசுகிசுப்பார், பிறகு இந்தப் படத்தில் வேறு ஒருத்தி பேசுவாள், நல்ல பெண்ணாகத்தான் இருப்பாள், தன்னிடமே தொழில் படித்தவளாகக்கூட இருக்கலாம். சொல்லத்தான் வேண்டும். ஆனால் அந்த வாக்கியத்தை அவள் இதுவரை யாரிடமும் வாய்விட்டுச் சொன்னதில்லை. டாக்டர் சொன்னார், சிவகுரு சொந்தக்காரர்களுக்குப் போனில் சொன்னார், அவள் சொல்லவே இல்லை. இதே மாதிரி வாக்கியங்களை எத்தனை படத்தில் சொல்லியிருக்கிறாள், ரத்தம் பட்ட கைக்குட்டையோடு, மழையில், கல்யாணப் பந்தலில், இன்னும் கொஞ்சம் நடுக்கம் குடும்மா என்பார்கள், அள்ளிக் கொடுத்திருக்கிறாள். மைக்கிடம் குனிந்தாள். "தம்பி, சளி இல்ல. திங்கக்கிழமை என் குரல்வளைய எடுக்கறாங்க. அடுத்த மாசம் நான் வந்தா இந்தக் குரல் வராது." ஒரு நடுக்கமும் இல்லாமல், எண் ஒன்றை அழுத்தவும் என்று சொல்கிற மாதிரி வந்தது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தரணி சோம்பல் முறித்த கையை அப்படியே பாதியில் வைத்துக்கொண்டு நின்றான். பிறகு கையை இறக்கினான், எங்கே வைப்பது என்று தெரியாமல் பேன்ட் பையில் விட்டான், எடுத்தான். ஆல்பர்ட் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைத்தார். "மொத வார்த்தையிலயே தெரிஞ்சது மேடம். கேக்கத் தைரியம் வரல" என்றார் மெல்ல. பாவம் இரண்டு பேரும், அவர்களுக்காக அவளுக்கு வருத்தமாக இருந்தது, ஒரு நல்ல நாளைக் கெடுத்துவிட்டோமே என்று. இப்போது அவன் உள்ளே வருவான், ஸாரிங்க மேடம் என்பான், கண் கலங்குவான், நீங்க ரெஸ்ட் எடுங்க என்பான். அதைக் கேட்டுக்கொள்ள அவளிடம் தெம்பு இல்லை. தரணி உட்கார்ந்தான். காகிதத்தை முதல் வரியிலிருந்து மறுபடி படித்தான். பிறகு பேசுகிற பொத்தானை அழுத்தினான்.

"திங்கக்கிழமைங்களா?"

"ஆமா தம்பி."

"அப்ப இன்னிக்கு எடுக்கறதுதான் ஃபைனலுங்க."

"அதுக்குத்தான் வந்தேன்."

"அப்படீன்னா ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காதீங்க மேடம்" என்றான். "மொதல் வரி எனக்குப் புடிக்கலீங்க. சோகமாப் பேசிட்டீங்க. களம் காயோணுமேன்னு கவலைப்படற ஆளு பேசற மாதிரி வேணுமுங்க, அவ்வளவுதான். கரகரப்பு இருக்கட்டும், அது வேண்டாங்கல. கப்பல் வரில மூச்சு எடம் மாறிப்போச்சு. அப்பறம் அந்த வில்மாம்மா..." நிறுத்தினான், சொல்லலாமா என்று பார்த்தான், சொல்லியே விட்டான். "அத சினிமா ஆக்கிட்டீங்க மேடம். அந்தம்மா அழவே இல்லீங்க. சும்மா கேக்கறாங்க."

"எனக்கும் தெரியும்" என்றாள் பிரமீளா. "அப்பவே சொல்றதுக்கென்ன?"

"பைலட்டுக்கு எதுக்குங்கன்னு விட்டுட்டேன்."

அவளுக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. இத்தனை குறையா, இத்தனையையும் மனசில் வைத்துக்கொண்டா இந்தப் பையன் அருமை அருமை என்றுகொண்டிருந்தான். சிரித்தாள், சத்தம் வரவில்லை, காற்றுத்தான் வந்தது, மைக்கில் அது கேட்டிருக்கும், கேட்கட்டும். வெந்நீரை ஒரு வாய் குடித்து, மெதுவாக, நேரம் எடுத்துக்கொண்டு விழுங்கினாள். ஆல்பர்ட் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தார், ஏதோ ஒரு குமிழைத் திருகினார்.

"மொதல்ல இருந்து போலாமுங்களா மேடம்? நல்லா வர்ற வரைக்கும் விடமாட்டேனுங்க."

"விடாதீங்க" என்றாள், முதல் பக்கத்தை எடுத்து மேலே வைத்தபடி.